அவசரக் காலைக்கு ஒரு சத்துமாக் கட்டி: கச்சானும் இல்லை, எள்ளும் இல்லை

ரொறன்ரோவில் பள்ளிக்கூடப் பிள்ளைகள் இருக்கிற வீட்டில் வார நாள் காலமை எப்படி இருக்கும் என்று உங்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை. ஒரு கையில் பிள்ளையின் சப்பாத்து, மற்றக் கையில் ஆறிப்போன தேத்தண்ணி, வாயில் "கெதியாச் சாப்பிடு, கெதியாச் சாப்பிடு" என்ற மந்திரம். புட்டும் இடியப்பமும் எப்பவோ சனி, ஞாயிறுக்கு இடம் மாறிவிட்டன. பாணும் பட்டரும் கொஞ்சக் காலம் ஓடியது. இப்ப பல வீடுகளில் அந்த இடத்தைப் பிடித்திருப்பது பெட்டியில் வருகிற கிரனோலா பார்தான். உறையைக் கிழித்துக் கையில் கொடுத்தால் காரிலோ பஸ்ஸிலோ இருந்து சாப்பிட்டுவிடுவார்கள். கோப்பை கழுவும் வேலையும் இல்லை.

அந்தப் பாரை நாங்களே வீட்டில் செய்யலாம் என்பதுதான் இந்தக் கட்டுரை. செய்முறை மட்டும் என்றால் அரைப் பக்கத்தில் முடித்துவிடலாம். ஆனால் கனடாவில் பிள்ளைக்குச் சாப்பாடு கட்டிக் கொடுக்கிற தாய் தகப்பனுக்கு வேறு சில கேள்விகளும் இருக்கின்றன. பள்ளிக்கூடம் இதை அனுமதிக்குமா? இதில் சீனி எவ்வளவு? பசி தாங்குமா? இவற்றுக்கும் பதில் வேண்டும்.

எங்கட வீட்டுக் கணக்கு

என் மனைவி தாதி. பகல் வேலை உள்ள நாளில் காலை 7 மணிக்கு வார்ட்டில் நிற்க வேண்டும், ஆறேகாலுக்கே வீட்டை விட்டுப் போய்விடுவா. நான் மென்பொருள் பொறியியலாளர். கிழமையில் மூன்று நாள் நகர மையத்தில் உள்ள அலுவலகத்துக்குப் போக வேண்டும். 9 மணிக்கு அன்றைய வேலை பற்றிய குழுக் கூட்டம். 2023 ஜூலையில் ஸ்காபரோ ஆர்.டி. ரயில் தடம் புரண்டு, பிறகு நிரந்தரமாக மூடப்பட்டதிலிருந்து கென்னடி நிலையத்துக்கு பஸ்ஸில்தான் போக வேண்டியிருக்கு. ஆகவே முன்பு இருந்ததைவிட நான் முந்தி வெளிக்கிட வேண்டும். மூன்றாம் வகுப்புப் படிக்கிற மகளையும் ஐந்து வயது மகனையும் ஏழரைக்கு முன்பள்ளிப் பராமரிப்பில் விட்டால்தான் இது எல்லாம் சரிவரும்.

ஆறேகாலுக்கும் ஏழரைக்கும் இடையில் இருப்பது 75 நிமிடம். எழுப்புவது, குளிப்பாட்டுவது, உடுப்பு, மாரியில் என்றால் ஸ்னோ பான்ட்ஸ், கையுறை, தொப்பி. மிஞ்சுவது பத்து நிமிடம். ஐந்து வயதுப் பிள்ளை ஒரு கோப்பை ஓட்ஸ் கஞ்சியைப் பத்து நிமிடத்தில் குடிக்காது. குடிக்காமல் போனால் பத்தரை மணி இடைவேளை வரைக்கும் வெறும் வயிறு. இது எங்கள் வீட்டுப் பிரச்சினை மட்டுமில்லை. பிள்ளைகள் பசியோடு வகுப்பில் இருக்கக்கூடாது என்றுதான் கனேடிய மத்திய அரசு 2024இல் ஐந்து வருடத்துக்கு 100 கோடி டொலர் ஒதுக்கித் தேசிய பாடசாலை உணவுத் திட்டத்தை அறிவித்தது. அரசு தருவது தரட்டும். எங்கள் கையில் இருக்கிற பத்து நிமிடத்தை நாங்கள்தான் பார்க்க வேண்டும்.

பார் யாருடைய கண்டுபிடிப்பு?

கிரனோலாவின் கதை அமெரிக்காவில் தொடங்குகிறது. 1863இல் நியூயோர்க் மாநிலத்தில் ஜேம்ஸ் காலெப் ஜாக்சன் என்ற மருத்துவர், தவிடு நீக்காத கோதுமை மாவைச் சுட்டு, உடைத்து, மறுபடி சுட்டு "கிரனுலா" என்று பெயர் வைத்தார். அது கல்லுப் போல இருக்கும், இரவே பாலில் ஊறவைத்தால்தான் காலையில் சாப்பிடலாம். பிறகு ஜோன் ஹார்வி கெலொக் அதே மாதிரி ஒன்றைச் செய்ய, பெயர்ப் பிரச்சினை வந்து அது "கிரனோலா" ஆனது. அதைக் கட்டியாக்கிப் பெட்டியில் போட்டு நேச்சர் வலி பார் என்று கடைக்குக் கொண்டு வந்தது 1975இல்.

ஆனால் தானியத்தையும் பருப்பையும் வறுத்து, இனிப்பால் ஒட்டவைத்து, நாள்கணக்கில் வைத்துச் சாப்பிடுகிற யோசனை எங்கட ஆக்களுக்குப் புதிதில்லை. பயத்தம் உருண்டை, எள்ளுருண்டை, பொரிவிளாங்காய், கச்சான் அல்வா எல்லாம் அந்த வகைதான். தமிழ்நாட்டில் கோவில்பட்டிக் கடலைமிட்டாய்க்கு 2020இல் புவிசார் குறியீடே கிடைத்தது. யாழ்ப்பாணத்தில் பனம்பழக் களியைப் பாயில் பூசி, வெயிலில் காயவைத்து, அதன் மேல் மறுபடி பூசிக் காயவைத்து எடுக்கிற பினாட்டு இருக்கே, இன்றைக்கு "ஃபுரூட் லெதர்" என்று இங்கே கடையில் விற்பதும் அதே வேலைதான்.

இவை கெடாமல் இருப்பதற்குக் காரணம் ஒன்றுதான். வறுக்கும்போது தானியத்தில் உள்ள ஈரம் போய்விடும். மிச்சம் இருக்கிற கொஞ்ச ஈரத்தையும் சர்க்கரையோ பனங்கட்டியோ தன்னோடு பிடித்து வைத்துக்கொள்ளும். கிருமி வளரத் தண்ணி கிடைக்காது. அம்மம்மாவுக்கு இந்த விஞ்ஞானம் தெரியாவிட்டாலும் "பயறு பச்சை மணம் போக வறுபடவேணும்" என்பது தெரிந்திருந்தது.

சத்துமாவும் எங்களுக்குத் தெரிந்ததுதான். இலங்கையில் 1970களிலிருந்து சோளமும் சோயாவும் சேர்த்த திரிபோஷா மாவைக் கர்ப்பிணித் தாய்மாருக்கும் நிறை குறைந்த பிள்ளைகளுக்கும் கிளினிக்கில் இலவசமாகக் கொடுத்து வருகிறார்கள். அதைச் சீனியும் தேங்காய்ப்பூவும் போட்டுக் குழைத்து உருண்டையாகத் தின்று வளர்ந்தவர்கள் இதை வாசிப்பவர்களிலும் இருப்பீர்கள். ஆகவே நான் செய்யிறது புதுச் சாமான் இல்லை. சத்துமா உருண்டையும் ஓட்ஸ் பாரும் ஒரே தட்டில் சேர்ந்திருக்கு, அவ்வளவுதான். பிள்ளைகள் இதை "பார்" என்கிறார்கள். அம்மா "சத்துமாக் கட்டி" என்கிறா.

கச்சானும் எள்ளும் ஏன் வேண்டாம்?

அம்மா எங்களோடு வந்து இருக்கத் தொடங்கியபோது பேரப்பிள்ளைகளுக்கு என்று முதலில் செய்தது எள்ளுருண்டை. அதே கிழமை மகளின் வகுப்பிலிருந்து கடிதம் வந்தது. வகுப்பில் ஒரு பிள்ளைக்குக் கச்சானும் எள்ளும் ஒவ்வாது, தயவு செய்து இவை உள்ள சாப்பாடு அனுப்ப வேண்டாம் என்று. அம்மாவுக்கு நம்பக் கஷ்டமாக இருந்தது. "கச்சான் எண்டால் சரி, கேள்விப்பட்டிருக்கிறன். எள்ளுமா? எள்ளு ஆருக்கு என்ன செய்தது?" என்று கேட்டா.

அம்மாவுக்கு நான் சொன்ன கதையை உங்களுக்கும் சொல்லுகிறேன். 2003இல் ஒன்ராறியோவின் பெம்புரோக் நகரில் சப்ரினா ஷானன் என்ற 13 வயது மாணவி, பள்ளிக்கூட மதிய உணவினால் ஏற்பட்ட கடும் ஒவ்வாமையில் உயிரிழந்தாள். வாங்கிச் சாப்பிட்டது உருளைக்கிழங்குப் பொரியல். அவளுக்கு ஒவ்வாத பாற்பொருள், பரிமாறிய இடுக்கி வழியாக அதில் ஒட்டியிருந்திருக்கலாம் என்று கருதப்பட்டது. அதன் பிறகு மாகாணசபை உறுப்பினர் டேவ் லெவாக் கொண்டுவந்த தனிநபர் மசோதா சட்டமாகி, 2006 ஜனவரி 1 முதல் நடைமுறைக்கு வந்தது. அதைத்தான் "சப்ரினா சட்டம்" என்கிறார்கள். ஒன்ராறியோவின் ஒவ்வொரு பாடசாலைச் சபையும் ஒவ்வாமைக்கான கொள்கை வைத்திருக்க வேண்டும், ஊழியர்களுக்குப் பயிற்சி கொடுக்க வேண்டும், ஆபத்து உள்ள ஒவ்வொரு பிள்ளைக்கும் தனித் திட்டம் எழுத வேண்டும் என்று அந்தச் சட்டம் சொல்லுகிறது. கச்சானைத் தடை செய் என்று சட்டத்தில் பெயர் சொல்லி எழுதவில்லை. எதை அனுப்பக்கூடாது என்பதைப் பள்ளிக்கூடங்களே தங்கள் பிள்ளைகளைப் பார்த்துத் தீர்மானிக்கின்றன. அதனால்தான் ஒரு பள்ளிக்கூடத்தின் விதி அடுத்த பள்ளிக்கூடத்தில் இருக்காது.

ஹெல்த் கனடா முன்னுரிமை கொடுத்துக் கண்காணிக்கிற ஒவ்வாமைப் பொருட்களின் பட்டியலில் கச்சான், பாதாம், கஜு போன்ற மரக்கொட்டைகள், பால், முட்டை, மீன், நண்டு, இறால், மட்டி வகைகள், சோயா, கோதுமை, சல்பைற், எள்ளு, கடுகு எல்லாம் இருக்கின்றன. ஆம், எங்கட தாளிதக் கடுகும்தான். தேங்காய் இந்தப் பட்டியலில் மரக்கொட்டையாகச் சேர்க்கப்படவில்லை என்பது எங்களுக்கு நல்ல செய்தி.

இதைக் கேட்டபின் அம்மா கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தா. பிறகு, "அப்ப பயறு இருக்குத்தானே. பயத்தம் மாவில செய்வம்" என்றா. எங்கள் பாரின் அடிப்படை அன்றைக்கே முடிவாகிவிட்டது. எள்ளுருண்டை நிற்கவில்லை. அது சனிக்கிழமை வீட்டில், சாப்பிட்டபின் கையும் வாயும் கழுவுகிற ஒழுங்கோடு நடக்கிறது.

வீட்டில் செய்வதால் மட்டும் ஒவ்வாமைக்குப் பாதுகாப்பு வந்துவிடாது. கீழே உள்ளதைக் கவனியுங்கள்.

– மொத்தமாகக் கொட்டி வைத்து அள்ளி விற்கிற விதைகளை வாங்காதீர்கள். கச்சான் அள்ளிய கரண்டியே அதற்குள்ளும் போயிருக்கலாம். பொதி செய்த விதையில் "கச்சான் இருக்கக்கூடும்" என்ற வரி இல்லை என்று பார்த்து வாங்குங்கள்.
– தமிழ்க் கடைச் சத்துமாப் பொதிகள் பலவற்றில் கச்சான், எள்ளு, கஜு சேர்ந்திருக்கும். பள்ளிக்கூடத்துக்கு என்றால் மாவை வீட்டிலேயே வறுத்து அரையுங்கள்.
– கச்சான் சட்னி அரைத்த பாத்திரத்தில் அப்படியே அரைக்கக் கூடாது. நன்றாகக் கழுவுங்கள். முடிந்தால் தனி அரைக்கும் கிண்ணம் வையுங்கள்.
– சூரியகாந்தி விதை வெண்ணெய் பார்வைக்குக் கச்சான் வெண்ணெய் போலவே இருக்கும். டப்பாவின் மேல் என்ன போட்டுச் செய்தது என்று ஆங்கிலத்தில் எழுதி ஒட்டிவிடுங்கள். ஆசிரியருக்குப் பெரிய உதவி.
– சில பள்ளிக்கூடங்கள் தோற்றத்தில் ஒத்த பொருளையும் விரும்புவதில்லை. முதலில் கேட்டுவிட்டு அனுப்புங்கள்.

பெட்டியின் பின்பக்கம்

கடைப் பாரை நான் திட்டப் போவதில்லை. எங்கள் வீட்டிலும் காரில் ஒரு பெட்டி இருக்கு. ஆனால் வாங்கும்போது பின்பக்கத்தை வாசிக்கப் பழகினால் நல்லது. கனடாவில் இதற்கு வசதியாக விதிகள் உண்டு.

ஒன்று, கலவைப் பொருட்கள் நிறையின்படி, கூடியதிலிருந்து குறைந்தது வரை எழுதப்பட்டிருக்கும். இரண்டு, சீனி, தேன், சோளப் பாகு, பழச்சாற்றுச் செறிவு என்று பல பெயரில் ஒளிந்திருந்ததை எல்லாம் இப்ப "சீனிகள்" என்ற ஒரே தலைப்பின் கீழ் சேர்த்து எழுத வேண்டும். அது முதலாவதாக நின்றால் நீங்கள் வாங்குவது மிட்டாய். மூன்று, நாளாந்த அளவின் வீதம் என்ற நிரலில் 5% அல்லது குறைவு என்றால் கொஞ்சம், 15% அல்லது கூட என்றால் அதிகம். சீனிக்கு நாளாந்த அளவு 100 கிராம், ஆகவே கிராமும் வீதமும் ஒரே எண்தான். நான்கு, நிறைவுற்ற கொழுப்பு, சீனி, சோடியம் அதிகமுள்ள பொதிகளின் முன்பக்கத்தில் பூதக்கண்ணாடிச் சின்னம் போட வேண்டும் என்ற விதி 2026 ஜனவரி 1 முதல் கட்டாயம். பொதுவாக எல்லை 15%. சிறிய அளவில் உண்கிற உணவுகளுக்கு 10%.

சாதாரண கிரனோலா பார் ஒன்று 25 முதல் 35 கிராம் வரும். அதில் சீனி பெரும்பாலும் 6 முதல் 10 கிராம், புரதம் ஒன்றிரண்டு கிராம். பசி தாங்காமல் போவது இந்தப் புரதக் குறைவால்தான். பயறும் விதைகளும் சேர்த்தால் அந்த இடத்தை நிரப்பலாம்.

தேவையானவை (16 கட்டிகள்)

– பெரிய உருட்டு ஓட்ஸ் – 2 கப் (சுமார் 190 கிராம்). உடனடி ஓட்ஸ் வேண்டாம், குழைந்துவிடும்.
– வறுத்து அரைத்த பயத்தம் மா – ½ கப் (60 கிராம்)
– வறுத்த குரக்கன் மா – ¼ கப் (30 கிராம்)
– சூரியகாந்தி விதை – ½ கப் (70 கிராம்)
– பூசணி விதை – ¼ கப் (35 கிராம்)
– இனிப்புச் சேர்க்காத உலர் தேங்காய்ப்பூ – ½ கப் (40 கிராம்)
– கொட்டை நீக்கிய பேரீச்சம்பழம் – 200 கிராம்
– சூரியகாந்தி விதை வெண்ணெய் – ½ கப் (125 கிராம்)
– தேன் அல்லது கித்துள் பாணி – 3 மேசைக்கரண்டி
– ஏலக்காய்த் தூள் ½ தேக்கரண்டி, வேர்க்கொம்புத் தூள் ½ தேக்கரண்டி, உப்பு ¼ தேக்கரண்டி
– கொதிநீர் – ½ கப்

செய்முறை

1. பயத்தம் பருப்பைத் தாச்சியில் மிதமான நெருப்பில், கை விடாமல் கிளறி, பொன்னிறமாகி வாசம் வரும் வரை வறுங்கள். எட்டு, பத்து நிமிடம் எடுக்கும். நன்றாக ஆறியபின் அரைத்து அரித்தெடுங்கள். சூட்டோடு அரைத்தால் மா கட்டிபடும். குரக்கன் மாவையும் ஐந்து நிமிடம் வறுங்கள். மாவைப் பச்சையாகப் போடக் கூடாது. அதற்கு ருசி மட்டும் காரணமில்லை. 2016, 2017இல் கனடாவில் பச்சை மாவினால் ஈ.கோலி தொற்றுப் பரவி, மா பொதிகளைத் திருப்பி எடுத்தார்கள்.

2. ஓவனை 325 பாகை பரனைட்டுக்கு (சுமார் 160 செல்சியஸ்) சூடாக்கி, ஓட்ஸையும் விதைகளையும் தட்டில் பரப்பிப் பத்து நிமிடம் வறுத்தெடுங்கள். தேங்காய்ப்பூவைக் கடைசி மூன்று நிமிடம் சேருங்கள், முதலே போட்டால் கருகும்.

3. பேரீச்சம்பழத்தைக் கொதிநீரில் 15 நிமிடம் ஊறவிட்டு, அந்தத் தண்ணியோடு சேர்த்தே களியாக அரையுங்கள்.

4. தேனையும் விதை வெண்ணெயையும் சிறு நெருப்பில் இளக்கி, பேரீச்சங்களி, உப்பு, ஏலம், வேர்க்கொம்பு சேர்த்துக் கலக்குங்கள். இங்கே பாகு பதம் பார்க்கத் தேவையில்லை. ஒட்டவைக்கிற வேலையைப் பழக் களி பார்த்துக்கொள்ளும்.

5. எல்லாவற்றையும் ஒன்றாகக் கொட்டிக் கையால் பிசையுங்கள். பிடித்தால் பிடிபட வேண்டும், கையில் வழியக் கூடாது. உதிர்ந்தால் ஒரு மேசைக்கரண்டி தண்ணி, வழிந்தால் ஒரு கரண்டி பயத்தம் மா.

6. 9 அங்குலச் சதுரத் தட்டில் பேக்கிங் தாள் விரித்து, கலவையைப் போட்டு, தம்ளரின் அடிப்பக்கத்தால் பலமாக அமத்துங்கள். கட்டி உடையாமல் இருப்பது இந்த அமத்தலில்தான் இருக்கு. மூலைகளையும் விடாதீர்கள்.

7. அதே சூட்டில் 22 முதல் 25 நிமிடம், ஓரம் பொன்னிறமாகும் வரை வேகவிடுங்கள். வெளியே எடுக்கும்போது நடு மெதுவாகத்தான் இருக்கும். ஒரு மணித்தியாலம் ஆறவிட்டு, பிறகு அரை மணித்தியாலம் பிரிட்ஜில் வைத்தபின் வெட்டுங்கள். சூட்டோடு வெட்டினால் உதிரும். நீளவாட்டில் இரண்டாகவும், குறுக்கே எட்டாகவும் வெட்டினால் 16.

ஒரு சின்னக் குறிப்பு. கட்டி உப்பி வரட்டும் என்று அப்பச்சோடா போட்டால், சூரியகாந்தி விதையில் உள்ள குளோரோஜெனிக் அமிலம் அதோடு சேர்ந்து உள்ளே பச்சை நிறமாகும். உடம்புக்கு ஒன்றும் செய்யாது, ஆனால் பூஞ்சணம் பிடித்தது என்று பிள்ளை திருப்பிக் கொண்டு வரும். இந்தச் செய்முறைக்குச் சோடா தேவையில்லை.

ஒரு கட்டியில் என்ன இருக்கு?

வேலைப் பழக்கம், எதையும் அட்டவணையில் போட்டுப் பார்க்காமல் விடமாட்டேன். ஒவ்வொரு பொருளின் அளவையும் போட்டுக் கூட்டி 16ஆல் பிரித்தபோது, ஏறக்குறைய 50 கிராம் உள்ள ஒரு கட்டிக்கு 210 கலோரி, புரதம் 6 கிராம், நார் 4 கிராம், நிறைவுற்ற கொழுப்பு இரண்டு கிராமுக்குச் சற்று மேல், சீனி 12 கிராம் என்று வந்தது. வீட்டுக் கணக்கு, கொஞ்சம் முன்னே பின்னே இருக்கும்.

சீனி எண்ணைப் பார்த்துத் திகைக்காதீர்கள், மறைக்கவும் கூடாது. "சீனியே போடவில்லை, பேரீச்சம்பழம்தான்" என்று பலர் பெருமையாகச் சொல்லுவார்கள். பேரீச்சம்பழத்தில் 100 கிராமுக்கு 60 கிராமுக்கு மேல் சீனிதான். எங்கட கட்டியைக் கடையில் வைத்து விற்றால் முன்பக்கத்தில் அந்தப் பூதக்கண்ணாடிச் சின்னம் வரவும் கூடும். வித்தியாசம் என்னவென்றால், 12 கிராமில் தேனிலிருந்து வருவது 3 கிராம்தான். மிச்சத்தில் பெரும்பங்கு நாரோடு சேர்ந்த முழுப் பழத்தில் இருந்து வருகிறது. உலக சுகாதார நிறுவனம் 2015இல் கட்டுப்படுத்தச் சொன்ன "கட்டற்ற சீனி" என்பதில் தேனும் பாகும் பழச்சாறும் அடங்கும், முழுப் பழம் அடங்காது. அதோடு புரதம் கடைப் பாரைவிட மூன்று மடங்குக்குக் குறையாமல் இருக்கு. ஓட்ஸில் உள்ள பீட்டா குளுக்கான் என்ற நார் ஒரு நாளுக்கு 3 கிராம் சேர்ந்தால் கொலஸ்ட்ரோல் குறைய உதவும் என்ற வாசகத்தை ஹெல்த் கனடா 2010இலேயே அனுமதித்திருக்கிறது. குரக்கனில் 100 கிராமுக்குச் சுமார் 340 மில்லிகிராம் கல்சியம்.

அப்பாவுக்கு நீரிழிவு. தென்னாசிய வம்சாவளியினருக்கு அந்த ஆபத்து கூட என்பது எங்கட குடும்பங்களைப் பார்த்தாலே தெரியும். அவருக்கு நான் வேறு தட்டு செய்யிறன். பேரீச்சம்பழம் 120 கிராம், தேன் இல்லை, அதற்குப் பதிலாக ஒரு முட்டையும் கூடுதலாகக் கால் கப் பயத்தம் மாவும். அதிலும் பாதித் துண்டுதான், சீனி போடாத தேத்தண்ணியோடு. உங்கள் வீட்டிலும் நீரிழிவு உள்ளவர் இருந்தால் குளுக்கோமீற்றரில் பார்த்து, மருத்துவரிடம் கேட்டு அளவைத் தீர்மானியுங்கள்.

உங்கள் வீட்டுக்கு ஏற்ற மாற்றங்கள்

– குளுட்டன் ஒவ்வாதவர் இருந்தால், "குளுட்டன் இல்லை" என்று குறிப்பிட்ட ஓட்ஸை மட்டும் வாங்குங்கள். சாதாரண ஓட்ஸில் கோதுமை கலந்திருக்கும்.
– சோயா ஒவ்வாமை இல்லாத வகுப்பு என்றால் சோயா வெண்ணெயும் பாவிக்கலாம். பொதுவாக அது விலை குறைவு.
– பெரியவர்களுக்குக் கொஞ்சம் மிளகுத் தூள். பயத்தம் உருண்டையின் அந்த ஊர் ருசி அப்படியே வரும்.
– பனங்கட்டி கிடைத்தால் தேனுக்குப் பதிலாக 50 கிராம் தூளாக்கி இளக்கிப் போடுங்கள். அதுவும் சீனிதான், ஆனால் வாசம் வேறு.
– ஒரு வயதுக்குக் குறைந்த குழந்தைக்குத் தேன் எந்த வடிவிலும் கொடுக்கக் கூடாது. நான்கு வயதுக்குக் குறைந்தவர்களுக்கு முழு விதை தொண்டையில் சிக்கும், விதைகளை அரைத்துப் போடுங்கள்.
– இந்தக் கட்டி மட்டும் முழுக் காலைச் சாப்பாடு ஆகாது. ஒரு வாழைப்பழமும் ஒரு கோப்பை பாலும் சேர்ந்தால்தான் நிறையும்.

ஞாயிறு பின்னேரம்

எங்கள் வீட்டில் இரண்டு கிழமைக்கு ஒருமுறை, ஞாயிறு பின்னேரம், இரண்டு தட்டு. வறுக்கிறது அம்மா, அரைக்கிறது நான், வெட்டி உறையிடுவது மனைவி. ஒரு கிழமைக்குத் தேவையானது பிரிட்ஜில், மிச்சத்தை ஒவ்வொன்றாகத் தாளில் சுற்றி, திகதி எழுதி பிரீசரில் வைப்போம். இரண்டு மாதம் தாங்கும். இரவு படுக்க முன் நாளைக்குத் தேவையானதை எடுத்து வெளியே வைத்தால் விடிய மெதுவாக இருக்கும். மறந்தாலும் பரவாயில்லை, பையில் போட்டால் இடைவேளைக்குள் இளகிவிடும். பள்ளிக்கூடப் பைக்குள் இரண்டு நாள் கிடந்ததைச் சாப்பிட விடாதீர்கள். பேரீச்சங்களியின் ஈரம் இருப்பதால் இது பொரிவிளாங்காய் போல மாதக்கணக்கில் நிற்காது.

இந்தக் கிழமை பயத்தம் பருப்பு ஒரு பொதி வாங்கி வையுங்கோ. ஞாயிறு அதை வறுக்கத் தொடங்கினால் போதும், வாசத்துக்குப் பிள்ளைகள் தாங்களாகவே குசினிக்கு வருவார்கள். தட்டில் போட்டு அமத்துகிற வேலையை அவர்களிடம் கொடுங்கோ. எங்கள் மகன் அதற்கு மேல் ஏறி நிற்கவும் தயார், தம்ளரே போதும் என்று சொல்லி வைத்திருக்கிறோம்.